மேகக் குறிக்காரர்கள் எத்தனை பேர்

பீளமேட்டில் லோகப்பிரியாவுக்குப் பெயர்ப்பலகை கிடையாது. யாஸ்மினின் ஜெராக்ஸ் கடைக்கு மேல் மாடியில் ஒரு அறை, ஒரு மேசை, மூன்று நாற்காலி. அவ்வளவுதான். படியேறி வருகிறவர்கள் எல்லாரும் வேறு யாரோ சொல்லி அனுப்பியவர்களாக இருப்பார்கள். மாப்பிள்ளை விசாரிப்பது அவள் தொழில்.

கொங்குப் பக்கம் பெண் கொடுப்பதற்கு முன்னால் மாப்பிள்ளை ஊருக்குப் போய் விசாரிக்காமல் எந்தக் குடும்பமும் கை நனைக்காது. ஆனால் நேராகக் கேட்கக் கூடாது. சம்பந்தி ஆகப்போகிறவரிடம் போய், உங்கள் பையனுக்கு எவ்வளவு வருகிறது என்று முகத்துக்கு நேரே கேட்டால் பேச்சு அதோடு முடிந்தது. பேக்கரியில் டீ குடித்துக்கொண்டே, பால் சொசைட்டி வாசலில் நின்றபடியே, வண்டிக்குக் காற்றடிக்கிற சாக்கில் தெரிந்துகொள்ள வேண்டும். முன்பெல்லாம் பெண்ணின் மாமன்மார் இதைச் செய்தார்கள். இப்போது மாமன்மாருக்கு லீவு கிடைப்பதில்லை. லோகப்பிரியா போகிறாள்.

அவளுக்கு முப்பத்தெட்டு வயது. சொந்த ஊர் கொடுமுடிக்குப் பக்கம். அவள் கல்யாணத்தில் யாரும் விசாரிக்கவில்லை. மாப்பிள்ளைக்குச் சொந்தமாக எட்டுத் தறி ஓடுகிறது என்றார்கள். போன பிறகுதான் தறிகள் அத்தனையும் குத்தகை என்று தெரிந்தது. ஊரில் பாதிப்பேருக்கு அது முன்பே தெரிந்திருந்தது. குத்தகை என்பதைவிட, தெரிந்தும் ஒருத்தரும் வாய் திறக்கவில்லை என்பதுதான் அவளுக்கு ஆறவில்லை. இரண்டு வருடத்தில் கோயமுத்தூர் வந்துவிட்டாள். வந்த புதிதில் ஒரு தோழியின் தங்கைக்காகச் சும்மா போய் விசாரித்துக் கொடுத்தாள். அது அப்படியே தொழிலாகிப் பதினோரு வருடம் ஓடிவிட்டது.

அவள் வேலை செய்கிற விதம் எளிமையானது. கல்லூரிப் பக்கம் மெஸ் நடத்துகிற ஒரு மாப்பிள்ளைக்கு நல்ல கூட்டம் என்று சொன்னார்கள். அவள் இரண்டு மத்தியானம் அங்கே போய்ச் சாப்பிட்டாள். முதல் நாள் வந்த முகங்களில் எத்தனை முகம் மறுநாளும் வந்தது என்று பார்த்தாள். மூன்று பேர். கூட்டம் இருந்தது, ஆனால் யாரும் திரும்பி வரவில்லை. அதைச் சொன்னாள். பெண் வீட்டார் பின்வாங்கினார்கள். ஆறு மாதத்தில் மெஸ் இருந்த இடத்தில் செல்போன் கடை வந்தது.

போன சித்திரையில் நரசிம்மலு படியேறி வந்தார். பம்புக்கு உதிரி பாகம் கடைகிற லேத் பட்டறை வைத்திருப்பவர். வீட்டில் தெலுங்கு, வெளியில் சுத்தமான கோயமுத்தூர்த் தமிழ். ஒரே மகள் பிரத்யுஷா, கணக்குத் தணிக்கை அலுவலகத்தில் வேலை செய்கிறாள். அவளுக்கு வெள்ளகோவிலில் ஒரு வரன் வந்திருந்தது. பையன் பெயர் ஹர்ஷா. என்ஜினியரிங் படித்து, மூன்று வருடம் பீளமேட்டில் ஒரு கம்பெனியில் இருந்துவிட்டு, வேலையை விட்டவன். இப்போது போனில் மழை சொல்கிறான்.

எந்த ஊரில், எத்தனை மணிக்கு, எந்தத் திசையிலிருந்து மழை வரும் என்று தினமும் வீடியோ போடுகிறான். அதைச் சும்மா பார்ப்பவர்கள் ஒரு லட்சத்து நாற்பதாயிரம் பேர். அந்தக் கணக்கு எல்லார் கண்ணுக்கும் தெரியும். அதற்கு மேல், மாதாமாதம் காசு கட்டுகிற சந்தாதாரர்கள் இருக்கிறார்கள். அவர்களுக்கு மட்டும் மத்தியானம் தனியாக ஒரு குரல் செய்தி போகும். அவர்கள் எத்தனை பேர் என்பது எங்கேயும் தெரியாது. பையன் சாப்பிடுவது அந்தக் காசில்தான்.

நரசிம்மலு நாற்காலி நுனியில் உட்கார்ந்துகொண்டு சொன்னார்: "ஏனுங் அம்மணி, நூல் மில்லுன்னா கதிர் எத்தனைன்னு கேக்கலாமுங்க. பட்டறைன்னா மிஷினு எத்தனைன்னு வாசல்ல நின்னே எண்ணிப்போடலாம். காட்டுக்காரர்னா கெணத்த எட்டிப் பாக்கலாம். இவன எங்க போயிங்க எட்டிப் பாக்கறது?"

தரகர் ஆயிரத்து இருநூறு சந்தாதாரர் என்று சொல்லியிருந்தார். ஆயிரம் பேர் இருந்தால் பேசலாம், அதற்குக் கீழே என்றால் வேண்டாம் என்று நரசிம்மலு முடிவு செய்திருந்தார். ஏன் ஆயிரம் என்று அவரிடமே காரணம் இல்லை. பையனிடமே கேட்டுவிட்டால் என்ன என்று லோகப்பிரியா ஒரு பேச்சுக்குக் கேட்டாள். அவர் அவளை ஒரு மாதிரிப் பார்த்தார். விசாரிக்கிற தொழிலில் இருந்துகொண்டு இப்படிக் கேட்கலாமா என்று அந்தப் பார்வை கேட்டது.

கீழே இறங்கி யாஸ்மினின் கடையில் உட்கார்ந்தாள். யாஸ்மினுக்கு இந்த விஷயமெல்லாம் அத்துப்படி. ஞாயிறு சாயங்காலம் ஹர்ஷா நேரலையில் வருவான், பார்ப்பவர்கள் கேள்வி எழுதுவார்கள், காசு கட்டியவர்களின் பெயருக்குப் பக்கத்தில் மட்டும் சின்னதாக ஒரு மேகக் குறி இருக்கும் என்று காட்டினாள். லோகப்பிரியா நோட்டு வாங்கினாள். முதல் ஞாயிறு குறி போட்ட பெயர்களை எழுதினாள். ஐம்பத்து நான்கு. அடுத்த ஞாயிறு அறுபது. முதல் வாரத்து ஐம்பத்து நான்கு பேரில் பதினெட்டுப் பேர் இரண்டாம் வாரமும் வந்திருந்தார்கள்.

"பழைய மெஸ் கணக்குத்தான்" என்றாள் யாஸ்மினிடம். ஐம்பத்து நான்கில் பதினெட்டு என்றால் மூன்றில் ஒருவர். அதாவது குறிக்காரர்களில் மூன்றில் ஒரு பங்குதான் ஒரு ஞாயிறு வாய் திறக்கிறது. இரண்டாம் வாரம் வாய் திறந்தவர்கள் அறுபது. அப்படியானால் மொத்தம் நூற்றெண்பது.

யாஸ்மின் ஒத்துக்கொள்ளவில்லை. "வாயே தொறக்காம காசு மட்டும் கட்டறவங்க இருப்பாங்கல்லக்கா? எங்க வாப்பா வருஷம் பூரா பேப்பருக்குக் காசு கட்டறாரு. ஒரு நாளாச்சும் ஆசிரியருக்குக் கடிதம் எழுதியிருக்காரா?"

அது நியாயம். ஆக, நூற்றெண்பதுக்குக் குறையாது. அதற்கு மேல் எவ்வளவு என்று தெரியாது.

தரகர் சொன்ன ஆயிரத்து இருநூறு எங்கிருந்து வந்தது என்பதும் அங்கேயே தெரிந்தது. புதிதாகச் சேர்கிறவர்களின் பெயரை ஹர்ஷா நேரலையில் வாசிப்பான். "ஆயிரத்து நூற்று அறுபத்து நாலாவது ஆளா வந்திருக்கீங்க, நன்றிங்க" என்று ஒருவருக்குச் சொன்னான். சேர்ந்தவர்களின் வரிசை எண் அது. சேர்ந்து, ஒரு மாதம் இருந்துவிட்டு, விட்டுப்போனவர்களும் அதில் அடக்கம். சொந்தக்காரர் கடை திறந்தால் எல்லாரும் போய் ஆளுக்கொரு பொருள் வாங்குவோம், அடுத்த மாதம் அந்தப் பக்கம் போக மாட்டோம். அதுபோல எத்தனை பேரோ. பையன் பொய் சொல்லவில்லை. தரகர் அதைத் தூக்கிக்கொண்டு வந்து வேறு இடத்தில் வைத்துவிட்டார்.

கீழே நூற்றெண்பது, மேலே ஆயிரத்து நூற்றுச் சொச்சம். நடுவில் இருட்டு. இதை நரசிம்மலுவிடம் சொன்னபோது அவர், "நம்மள பஸ்சுல ஏத்தி உட்டுட்டு, ஈரோட்டுலயும் எறங்கலாம் சேலத்துலயும் எறங்கலாம்னா எப்படிங்க?" என்றார். ஒரே ஒரு எண் வேண்டும் என்றார்.

அன்று மாலை பிரத்யுஷா தனியாக வந்தாள். பெண் பார்த்த அன்று ஹர்ஷாவோடு இருபது நிமிடம் பேசியிருந்தாள். அவனைப் பிடித்திருக்கிறது, எது எப்படியிருந்தாலும் இந்த இடம் அமைய வேண்டும் என்றாள். லோகப்பிரியா, கண்ணில் படுவதைத்தான் சொல்லுவேன் என்று சொல்லி அனுப்பினாள்.

அந்த வாரமே வெள்ளகோவிலுக்குப் பஸ் ஏறினாள். விசாரித்த இடங்களில் எல்லாம் பையனைப் பற்றிக் கெட்ட வார்த்தை இல்லை. தண்ணி, சீட்டு எதுவும் கிடையாது. வேலையை விட்டதில் மட்டும் அவன் அப்பாவுக்கு வருத்தம். மழையைச் சொல்வது ஒரு உத்தியோகமா என்று அவள் டீ குடித்த பேக்கரிக்காரர் சிரித்தார். ஆனால் அவரும் வீடியோ பார்க்கிறார்.

புதன்கிழமை மத்தியானம் அவள் காங்கேயம் போகிற டவுன் பஸ்ஸில் ஜன்னல் ஓரமாக உட்கார்ந்திருந்தாள். சாலையின் இரண்டு பக்கமும் தேங்காய்க் களங்கள். உடைத்த தேங்காயை வெயிலில் பரப்பிக் காயவைத்துக் கொப்பரை எடுக்கிற இடம். காய்கிற தேங்காய்ப் பருப்பில் மழை பட்டால் பூசணம் பிடித்துவிடும், பாதி விலைக்குக் கூடப் போகாது. அன்று வானத்தில் ஒரு பொட்டு மேகம் இல்லை. காலையில் ஹர்ஷா எல்லாருக்குமாகப் போட்ட வீடியோவில் வெள்ளகோவில் பேரே வரவில்லை. டிவியிலும் ஒன்றும் சொல்லவில்லை. வெயில் மண்டையைப் பிளந்தது.

மணி இரண்டே முக்காலுக்குக் களங்களில் ஆட்கள் ஓடினார்கள். பருப்பைக் கூட்டிக் குவித்துத் தார்ப்பாயை இழுத்தார்கள். முதலில் ஒரு களம், அப்புறம் அடுத்தது. அவள் நிமிர்ந்து உட்கார்ந்து எண்ண ஆரம்பித்தாள். காங்கேயம் போய்ச் சேர்வதற்குள் இருபத்தாறு களம். அதில் இருபத்திரண்டு மூடியிருந்தன. நாலரை மணிக்குக் காற்றோடு மழை அடித்தது.

காங்கேயம் பஸ் ஸ்டாண்டில் ஒரு கடைப் படியில் நனைந்துகொண்டே கணக்குப் போட்டாள். குரல் செய்தி காசு கட்டியவர்களுக்கு மட்டும்தான் போகிறது. இருபத்தாறுக்கு இருபத்திரண்டு களம் மூடியது. இந்தச் சுற்றுவட்டத்தில் ஆயிரத்து முந்நூறு களம் தேறும் என்று பேக்கரிக்காரர் சொல்லியிருந்தார். வகுத்துப் பெருக்கினால் ஆயிரத்து நூறு வந்தது. தரகர் சொன்ன எண்ணுக்கு அவ்வளவு பக்கத்தில் இருந்தது. பதினோரு வருடத்தில் ஒரு எண் இவ்வளவு பளிச்சென்று அவளுக்குக் கிடைத்ததில்லை.

அந்த நேரம் பார்த்து நரசிம்மலு கூப்பிட்டார். அடுத்த வாரம் வெள்ளிக்கிழமையை விட்டால் நிச்சயத்துக்கு நல்ல நாள் தள்ளிப் போகிறது, தரகர் நெருக்குகிறார் என்றார். ஆயிரத்துக்குக் குறையாதுங்க என்று லோகப்பிரியா சொல்லிவிட்டாள். அவர் சந்தோஷமாக வைத்துவிட்டார்.

அன்று வெள்ளகோவிலில் தெரிந்தவர் வீட்டில் தங்கினாள். காலையில் பஸ்ஸுக்கு நேரம் இருந்தது. சாலையோரக் களம் ஒன்றில் பாலுசாமி என்கிறவர் தார்ப்பாயை உதறிக்கொண்டிருந்தார். லுங்கியை மடித்துக் கட்டிய அறுபது வயதுக்காரர். கொப்பரை வாங்க வந்தவள் மாதிரி பேச்சுக் கொடுத்தாள். நேற்று சரியாக மூடிவிட்டீர்களே, மழைக்காரத் தம்பிக்குக் காசு கட்டுகிறீர்களா என்று கேட்டாள்.

"நானெங்கீங்க கட்டறது? எனக்கு அந்தப் போனே ஆகாது" என்றார் பாலுசாமி. "வடக்கால களத்துக்காரன் தார்ப்பாய இழுத்தான்னா நானும் இழுத்துப்போடுவேன்."

"அப்ப அவரு கட்டறாருங்களா?"

"அவன் ஏன் கட்டறான்? கஞ்சப்பய. அவன் அந்த வளைவுல இருக்கற ராசாத்தாள் களத்தப் பாப்பான். அந்தம்மா கட்டுது. கட்டறதுக்கு ஒருத்தி, மூடறதுக்கு ஊரே இருக்குதுங் அம்மணி."

லோகப்பிரியா பஸ்ஸை விட்டுவிட்டு நடந்தாள். இருபத்தாறு களத்துக்கும் போனாள். மத்தியானம் ஒரு மணி ஆனது. யாரும் மறைக்கவில்லை. பக்கத்துக் களத்தைப் பார்த்து மூடுவதை யாரும் குறையாக நினைக்கவில்லை. அடுத்த வீட்டில் கோலம் போட்டால் நம் வீட்டிலும் போடுகிற மாதிரி சாதாரணமாகச் சொன்னார்கள். மூடிய இருபத்திரண்டு பேரில் காசு கட்டுகிறவர்கள் மூன்றே பேர்.

இது தன் ஊர்ப் பக்கத்துப் பழக்கம்தான் என்பது அவளுக்கு உறைத்தது. அவள் அப்பாவும் அடுத்த காட்டுக்காரர் மருந்தடித்தால்தான் மருந்தடிப்பார். வேறு யாராவது எண்ணியிருந்தால் மூடின களத்தையெல்லாம் சந்தா என்று எடுத்துக்கொண்டதை மன்னிக்கலாம். அவள் கொடுமுடிக்காரி.

புளிய மரத்தடியில் உட்கார்ந்து மறுபடியும் வகுத்தாள். இருபத்தாறுக்கு மூன்று என்றால் ஆயிரத்து முந்நூறு களத்தில் நூற்றைம்பது. அதோடு கொடுமுடிப் பக்கம் மஞ்சள் காயப்போடுகிறவர்கள், செங்கல் சூளைக்காரர்கள், மண்டபம் நடத்துகிறவர்கள் என்று கொஞ்சம் சேர்த்தாலும் முந்நூறு, மிஞ்சிப்போனால் நானூறு.

முதலில் பிரத்யுஷாவைக் கூப்பிட்டாள். தான் சொன்னது தப்பு, நானூறைத் தாண்டாது என்றாள்.

"முந்நூத்திப் பன்னண்டுங்க்கா" என்றாள் பிரத்யுஷா.

"உனக்கு எப்படிக் கண்ணு தெரியும்?"

"பொண்ணு பாக்க வந்தன்னிக்கே கேட்டேன். போனத் தொறந்து காட்டுனாரு."

"அப்ப நான் ரெண்டு ஞாயித்துக்கிழமை உக்காந்து எண்ணுனது?"

"கேட்டது அப்பாவுக்குத் தெரிஞ்சா அதுவே சண்டையாகும்னு சும்மா இருந்தேன். நீங்க ஆயிரம்னு சொன்னதும் கடவுளாப் பாத்துக் குடுத்ததுன்னு நெனச்சேன்." பிறகு குரலை இறக்கிச் சொன்னாள்: "அக்கா, விட்டுருங்க. எனக்குத்தான தெரியணும்? எனக்குத் தெரியும்."

அந்தப் பெண் சொல்வதில் பாதி சரி. அவள் ஏமாறவில்லை, கண் திறந்துதான் போகிறாள். ஆனால் நாளைக்கு நரசிம்மலுவுக்குத் தெரியவரும். எப்படியும் வரும். அன்றைக்கு அவர் மாப்பிள்ளையைப் பொய்யன் என்பார், பொய் சொன்னது அவனாக இருக்காது. தெரிந்தவர்கள் வாய் மூடியிருந்தால் என்ன ஆகும் என்று இரண்டு வருடம் குடியிருந்து பார்த்தவள் லோகப்பிரியா.

"நாளைக்குப் பத்து மணிக்குப் பட்டறைக்கு வாரேன்" என்றாள். "நான் சொன்ன எண்ணத் திருப்பி எடுத்துக்குவேன். உன்ற எண்ண நான் சொல்ல மாட்டேன், அத நீ சொல்லு. சொல்றதுன்னா அதுக்குள்ள சொல்லிப்போடு."

மறுநாள் பட்டறையில் இரண்டு லேத் ஓடிக்கொண்டிருந்தது. நரசிம்மலு முன்னறையில் உட்கார்ந்திருந்தார். பிரத்யுஷா ஆபீஸுக்குப் போகாமல் அவருக்குப் பின்னால் நின்றாள். அழுத முகம், ஆனால் நிமிர்ந்து நின்றாள். லோகப்பிரியா உட்காராமலே தன் தப்பைச் சொன்னாள். களங்களைப் பார்த்ததையும், மூடியதையெல்லாம் கட்டியதாக எடுத்துக்கொண்டதையும், மூன்றே பேர் கட்டுவதையும் மறைக்காமல் சொன்னாள்.

அவர் அதைப் பாதிதான் கேட்டார். அவருடைய கோபம் வேறிடத்தில் இருந்தது. இவள் பையனிடம் நேராகக் கேட்டுவிட்டாள், பெண் பார்க்க வந்த அன்றே கேட்டுவிட்டாள், அந்த வீட்டில் என்ன நினைத்திருப்பார்கள் என்று திரும்பத் திரும்பச் சொன்னார். முந்நூற்றுப் பன்னிரண்டு என்பது அதற்குப் பிறகுதான் அவருக்கு நினைவு வந்தது. ஆயிரத்துக்குப் பாதி கூட இல்லை, இதற்கு மேல் பேச்சில்லை என்றார். தரகருக்குப் போன் போட்டு நிச்சயம் வேண்டாம் என்று சொல்லக் கையை நீட்டினார்.

பிரத்யுஷா போனை அவர் கையில் கொடுத்தாள். கொடுத்துவிட்டு, "அவருகிட்ட நான் கேட்டதும் சொன்னாருப்பா. தரகரு நீங்க கேக்காமயே ஆயிரத்திரநூறுன்னு சொன்னாரு. ரெண்டு பேர்ல ஆருக்குப் போன் போடறதுன்னு நீங்களே முடிவு பண்ணுங்க" என்றாள்.

நரசிம்மலு போனைப் பார்த்துக்கொண்டிருந்தார். உள்ளே ஒரு லேத் நின்றது. பிறகு லோகப்பிரியாவைப் பார்த்து, அந்த இருபத்திரண்டு களம் என்றீர்களே, எல்லாரும் அவன் சொன்னதை வைத்துத்தான் மூடினார்களா என்று கேட்டார். ஒருத்தர் விடாமல் என்றாள். மழை வந்ததா என்றார். நாலரைக்கு வந்தது என்றாள்.

தரகரைத்தான் கூப்பிட்டார். "வர்ற வெள்ளிக்கிழமை நிச்சயம் வேண்டாமுங்க" என்றார். அந்தப் பக்கம் தரகர் பதறியது வெளியே கேட்டது. நரசிம்மலு அவரைப் பேசவிட்டுவிட்டுச் சொன்னார்: "பையன மட்டும் தனியா வரச் சொல்லுங்க. நீங்களும் வர வேண்டாம். எனக்குக் கேக்க வேண்டியது இருக்குது, நானே கேட்டுக்கறேன்."

ஞாயிறு நேரலை இருப்பதால் ஹர்ஷா திங்கட்கிழமை வந்தான். மாமனார் ஆகப்போகிறவர் அவனை முக்கால் மணி நேரம் கேட்டார் என்று பிரத்யுஷா செய்தி அனுப்பியிருந்தாள். காசு கட்டுகிறவர்கள் எத்தனை, விட்டுப்போனவர்கள் எத்தனை, மழை இல்லாத மாதத்தில் என்ன செய்வாய் என்று ஒன்று விடாமல் கேட்டாராம். அந்த மாதங்களில் பழைய கம்பெனியில் பாதி நேர வேலைக்குப் பேசியிருப்பதாகச் சொன்னானாம். ஐப்பசி, கார்த்திகை போகட்டும், தையில் பார்க்கலாம் என்று அப்பா சொல்லிவிட்டார், இல்லை என்று சொல்லவில்லை என்று எழுதியிருந்தாள்.

தையில் யார் போய் எண்ணுவது என்று லோகப்பிரியா கேட்கவில்லை. அந்த வீட்டில் இனி எண்ணுவதற்கு வெளியாள் தேவையில்லை என்று அவளுக்குத் தெரிந்தது. மாடியில் அடுத்த ஆள் காத்திருந்தார். மாப்பிள்ளைக்கு அவிநாசியில் மூன்று கோழிப் பண்ணை இருக்கிறதாம்.